மரத்தது சுண்டுவிரல், ஆபரேஷன் முழங்கையில்: ஏன்?

ஊட்டி, குன்னூர், கோத்தகிரிப் பக்கம் டிசம்பர் மாதத்தில் யாராவது "விரல் மரத்துப்போகுது" என்று சொன்னால், "பனி இல்லையா, அப்படித்தான் இருக்கும்" என்பதோடு பேச்சு முடிந்துவிடும். பல நேரம் அது சரியும்கூட. ஆனால் தை போய், மாசி போய், வெயில் ஏறிய பிறகும் சுண்டுவிரலும் மோதிர விரலில் பாதியும் மட்டும் மரத்தே இருந்தால் பனியைக் குறை சொல்ல முடியாது. அப்படி ஆஸ்பத்திரிக்குப் போகிறவர்களில் சிலருடைய சீட்டில் 'அல்னார் நர்வ் டிகம்ப்ரஷன்' என்று எழுதியிருக்கும். முழங்கையில் சிக்கியிருக்கும் நரம்பை விடுவிக்கும் ஆபரேஷன் என்று அர்த்தம்.

சீட்டு வீட்டுக்கு வந்ததும் கேள்விகள் கிளம்பும். மரத்தது விரல், கத்தி ஏன் முழங்கையில்? நரம்பில் கை வைத்தால் கை விளங்காமல் போய்விடாதா? ஊசி மாத்திரையில் தீராதா? அடியிலிருந்து பார்ப்போம்.

## 'நரம்பு' என்ற ஒரே சொல்

பாதிக் குழப்பம் சொல்லில் இருக்கிறது. கோபத்தில் கழுத்தில் புடைப்பதை நரம்பு என்கிறோம். ஊசி போட நர்ஸ் தட்டித் தட்டித் தேடுவதையும் நரம்பு என்கிறோம். இரண்டும் இரத்தக் குழாய்கள். விரலை மடக்கும்போது மணிக்கட்டில் கயிறு மாதிரி எழும்புவது தசைநாண். அதற்கும் பேச்சில் நரம்பு என்றுதான் பெயர்.

இங்கே பேசுவது இவை எதையும் அல்ல. தண்டுவடத்திலிருந்து கிளம்பி, தசைக்கு உத்தரவைக் கொண்டுபோய், தோலின் உணர்வைத் திருப்பிக் கொண்டுவரும் ஒயர் போன்ற நரம்பு. தீக்குச்சியைவிடக் கொஞ்சம் தடிமன்தான். உள்ளே ஆயிரக்கணக்கான இழைகள், அவற்றில் பலவற்றின் மேல் மின்கம்பிக்கு இருப்பது போல ஓர் உறை.

இந்த நரம்பு அழுத்தப்பட்டால் சேதம் படிப்படியாகத்தான் வரும். முதலில் அதற்குப் போகும் இரத்த ஓட்டம் குறைகிறது. அப்போது மரத்துப்போவதும் விலகுவதுமாக இருக்கும். அடுத்து மேலுறை தேய்கிறது, செய்தி மெதுவாகப் போகிறது. கடைசியில் உள்ளிருக்கும் இழையே பட்டுப்போகிறது. முதல் நிலையில் அழுத்தம் விலகினால் சீக்கிரமே சரியாகும். இரண்டாம் நிலைக்குச் சில வாரங்களோ மாதங்களோ பிடிக்கும். மூன்றாம் நிலை வேறு கதை. அதைக் கடைசியில் பார்ப்போம்.

## கதவு நிலையில் இடித்துக்கொள்ளும் அந்த இடம்

அல்னார் நரம்பு கழுத்தின் அடியில் தொடங்கி, அக்குள் வழியாக மேல்கையின் உட்பக்கம் இறங்கி, முழங்கையின் பின்பக்கம் வளைந்து, முன்கை வழியாக உள்ளங்கைக்குப் போகிறது. உங்கள் முழங்கையின் உட்பக்கம் தடவிப் பார்த்தால் ஒரு குமிழ் எலும்பு தட்டுப்படும். அதற்கும் முழங்கை முனைக்கும் நடுவில் ஒரு பள்ளம். அங்கே விரலை வைத்து லேசாக உருட்டினால் சுண்டுவிரல் வரை சுரீர் என்று ஓடும். கதவு நிலையில் இடித்துக்கொண்டு கரண்ட் அடித்த மாதிரி துள்ளுகிறோமே, அது எலும்பில் பட்ட அடி இல்லை. எலும்புக்கும் தோலுக்கும் நடுவில், மேலே சதை மூடாமல் கிடக்கும் இந்த நரம்பில் பட்ட அடி.

பள்ளத்தின் மேல் ஒரு நார்ப்பட்டை கூரை மாதிரி கட்டியிருக்கிறது. உள்ளே இருக்கும் சந்துக்குக் கியூபிட்டல் டனல் என்று பெயர். 1957-இல் ஆஸ்போர்ன் என்ற ஆங்கிலேய எலும்பு மருத்துவர் இந்தப் பட்டைதான் நரம்பை நெரிக்கிறது என்றும், அதை வெட்டிவிட்டாலே போதும் என்றும் எழுதினார். பட்டைக்கு இன்றும் அவர் பெயர்தான்.

கையை மடக்கினால் இரண்டு காரியம் நடக்கிறது. கூரை இறுகிச் சந்து தட்டையாகிறது. நரம்பும் சுமார் 5 மில்லிமீட்டர் இழுபடுகிறது. நீட்டினால் இரண்டும் தளர்ந்துவிடும். ஆகவே, நெடுநேரம் மடங்கியே இருக்கும் கைக்குத்தான் ஆபத்து. மலைக் குளிரில் எப்படிப் படுக்கிறோம் என்று யோசித்துப் பாருங்கள். இரண்டு கம்பளிக்குள் குறுகி, கைகளை மடக்கித் தாடைக்குக் கீழே செருகிக்கொண்டு, விடியும்வரை அசையாமல். காலையில் எழுந்ததும் கையை உதறிக்கொண்டே அடுப்படிக்குப் போகிறவர்கள் குளிரைத்தான் திட்டுவார்கள். குளிருக்கு அதில் பங்கு உண்டு, ஆனால் அவர்கள் நினைக்கிற விதத்தில் இல்லை.

மணிக்கணக்கில் போனைக் காதில் வைத்திருப்பது, மலைப்பாதையில் ஜன்னல் விளிம்பில் முழங்கையை ஊன்றி வண்டி ஓட்டுவது, மேசையில் முட்டுக்கொடுத்து உட்காருவது எல்லாம் இதே வகை. சின்ன வயதில் முழங்கை ஒடிந்து, சரியாகச் சேராமல் கை வெளிப்பக்கமாகக் கோணி வளர்ந்தவர்களுக்கு இருபது முப்பது வருடம் கழித்தும் இந்தத் தொல்லை தலைகாட்டலாம். மரத்தில் இருந்து விழுந்து வெறும் கட்டோடு விட்ட கையா என்று டாக்டர் கேட்பது கதை கேட்பதற்காக இல்லை.

## சுண்டுவிரலில் தெரியும், கட்டைவிரலில் போகும்

இந்த நோயில் மிக அதிகமாக ஏமாற்றுவது இதுதான், அதனால் கொஞ்சம் நின்று பார்ப்போம்.

தேயிலைக் கொழுந்து பறிக்கும் கையைக் கவனியுங்கள். இரண்டு இலையும் ஒரு மொட்டும் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் வந்து, ஒரு கிள்ளில் உடைகிறது. அந்த இரண்டு விரல்களின் நுனியில் உணர்வைத் தருவது மீடியன் என்ற வேறொரு நரம்பு. ஆனால் கட்டைவிரலை ஆள்காட்டி விரலோடு இறுக்கி அழுத்தும் முக்கியமான தசைகளுக்கு உத்தரவு போவது அல்னார் நரம்பு வழியாக. கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே புறங்கையில் மேடாகத் தெரியும் சதையும் அதன் ஆளுகைதான்.

விளைவு என்ன? மரமரப்பு சுண்டுவிரலில். சுண்டுவிரலை யார் பெரிதாக மதிக்கிறார்கள்? பலம் போவதோ கிள்ளும் விரல்களில். அங்கே உணர்வு பழுதில்லாமல் இருப்பதால் "விரல் நல்லாத்தான் இருக்கு, கிள்ளத்தான் வரமாட்டேங்குது" என்று தோன்றும். எடை போடும் இடத்தில் நாளுக்கு நாள் கிலோ குறையும். வயசாகிவிட்டது என்று மேஸ்திரி சொல்வார், நாமும் நம்பிவிடுவோம். கத்தரி பிடித்து வெட்டுகிறவர்களுக்கு இன்னொரு வகை. பிடியை இறுக்கிப் பிடிக்கும் பலத்தில் மோதிர விரலுக்கும் சுண்டுவிரலுக்கும் பெரிய பங்கு, ஆகவே கத்தரி கையில் நழுவும். சட்டைப் பொத்தான், பூட்டில் சாவி, சோறு பிசைவது என்று அப்புறம் ஒவ்வொன்றாகச் சிக்கலாகும்.

இன்னும் விட்டால் புறங்கையில் எலும்புகளுக்கு நடுவே வரப்பு மாதிரி குழிகள் விழும். முதலில் வற்றுவது கட்டைவிரலுக்குப் பக்கத்தில் இருந்த அந்த மேடு. கடைசி இரண்டு விரல்களும் நீட்ட வராமல் கொக்கி மாதிரி வளையும். குழி விழுந்த பிறகு வருகிறவர்களுக்கு ஆபரேஷன் தரக்கூடியது குறைவு என்பதுதான் இந்த விஷயத்தின் கசப்பான பகுதி.

## குளிரா, முழங்கையா, கழுத்தா?

வீட்டிலேயே ஓரளவு பிரித்துப் பார்க்கலாம். டாக்டரைப் பார்ப்பதற்கு இது மாற்று இல்லை. எதைச் சொல்ல வேண்டும் என்று தெரிந்துகொள்ளத்தான்.

1. குளிர் ஒன்றரை விரலைப் பொறுக்கி எடுக்காது. பொதுவாகப் பல விரல்களும், சமயத்தில் காலும் சேர்ந்தே விறைக்கும், தோல் வெளுக்கும் அல்லது நீலம் பாரிக்கும், நெருப்பில் காட்டினால் விலகும். நரம்பு நெரிபட்டால் நிறம் மாறாது, கணப்பும் உதவாது.

2. புறங்கையில் சுண்டுவிரல் பக்கமும் மரத்திருக்கிறதா? இருந்தால் கோளாறு மணிக்கட்டுக்கு மேலே. அந்தத் தோலுக்குப் போகும் கிளை மணிக்கட்டு வருவதற்கு முன்பே பிரிந்துவிடுகிறது. உள்ளங்கைப் பக்கம் மட்டும் என்றால் மணிக்கட்டையும் சந்தேகப்பட வேண்டும்.

3. முன்கையின் உட்பக்கமும் மரத்து, கழுத்தைத் திருப்பினால் வலி கைக்கு இறங்கினால் கழுத்தைத்தான் முதலில் பார்க்க வேண்டும். முன்கைத் தோலுக்கு அல்னார் நரம்பு உணர்வு தருவதில்லை. ஆனால் 50 வயதுக்கு மேல் யாருக்கு எம்.ஆர்.ஐ. எடுத்தாலும் கழுத்தில் ஏதாவது ஒரு தேய்மானம் தெரிவது சகஜம். படத்தில் இருக்கிறது என்பதற்காகவே அதுதான் காரணம் என்று ஆகிவிடாது.

4. காகிதச் சோதனை. ஒரு தாளைக் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலின் பக்கவாட்டுக்கும் நடுவே பிடித்துக்கொள்ளுங்கள், இன்னொருவர் இழுக்கட்டும். கட்டைவிரல் நுனி மூட்டு மடங்கினால்தான் தாளைப் பிடித்துவைக்க முடிகிறது என்றால், நேராக அழுத்தும் தசை சோர்ந்துவிட்டது. 1915-இல் ஜூல் ஃப்ரோமான் என்ற பிரெஞ்சு மருத்துவர் சொன்ன சோதனை. நூறு வருடம் கடந்தும் ஓ.பி.யில் செலவில்லாமல் ஓடுகிறது.

இரண்டு கை, இரண்டு கால் எல்லாம் கையுறை காலுறை போட்ட மாதிரி மரத்தால் சர்க்கரை, வைட்டமின் பி12 குறைவு போன்றவற்றைப் பார்க்க வேண்டும். சர்க்கரை இருப்பவருக்கு முழங்கையிலும் நரம்பு சிக்கலாம், ஒன்று இருப்பதால் இன்னொன்று இல்லை என்று அர்த்தமில்லை.

## தொழுநோயை விலக்காமல் கத்தி வைக்கக் கூடாது

வெளிநாட்டுப் பாடப்புத்தகங்களில் இதற்கு ஒரு வரிதான் கிடைக்கும். நம் ஊரில் ஒரு வரி போதாது.

தொழுநோய்க் கிருமிக்கு உடம்பின் குளிர்ந்த, தோலை ஒட்டிய பகுதிகள் தோதானவை. முழங்கைக்குப் பின்னால் தோலடியில் கிடக்கும் அல்னார் நரம்பு அது முதலில் பிடிக்கும் நரம்புகளில் ஒன்று. அதே சுண்டுவிரல் மரமரப்பு, அதே குழி, அதே வளைந்த விரல்கள். வித்தியாசம் என்னவென்றால் நரம்பே கயிறு மாதிரி தடித்துக் கைக்குத் தட்டுப்படும். உடம்பில் எங்காவது உணர்வில்லாத, நிறம் மங்கிய படை இருக்கலாம். ஆகவே கை மரத்தது என்று போனவரின் முதுகையும் தொடையையும் டாக்டர் பார்த்தால் சங்கடப்பட வேண்டாம். பார்க்காவிட்டால்தான் யோசிக்க வேண்டும்.

"அதெல்லாம் ஒழிஞ்சுபோச்சே" என்பார்கள். 2005 முடிவில் இந்தியா எட்டியது, 10,000 பேருக்கு ஒருவருக்கும் குறைவு என்ற இலக்கை. அதற்குப் பூஜ்யம் என்று பொருளில்லை. இன்றும் நாட்டில் ஆண்டுக்கு ஒரு லட்சம் பேர் அளவில் புதிதாகக் கண்டுபிடிக்கப்படுகிறார்கள். கூட்டு மருந்து அரசு ஆஸ்பத்திரிகளில் இலவசம், 6 மாதமோ 12 மாதமோ சாப்பிட வேண்டும். நரம்பு வீங்கியிருந்தால் கூடவே ஸ்டீராய்டு மாத்திரை தருவார்கள். அவர்களில் சிலருக்கும் நரம்பை விடுவிக்கும் ஆபரேஷன் தேவைப்படலாம். ஆனால் மருந்து இல்லாமல் கூரையை மட்டும் வெட்டிவிட்டால் உள்ளே நெருப்பு எரிந்துகொண்டே இருக்கும்.

## கரண்ட் டெஸ்ட்டில் ஒரு மலைச் சிக்கல்

நோயை உறுதிசெய்ய நரம்பில் செய்தி ஓடும் வேகத்தை அளப்பார்கள். தோல் மேல் சின்ன மின்துடிப்பு கொடுத்து அது எவ்வளவு நேரத்தில் தசைக்குப் போகிறது என்று பார்ப்பது. முழங்கையைக் கடக்கும் பகுதியில் வினாடிக்கு 50 மீட்டருக்குக் கீழே இறங்கினால், அல்லது முன்கையில் இருக்கும் வேகத்தைவிட இங்கே 10 மீட்டருக்கு மேல் குறைந்தால் நெரிசல் அங்கேதான் என்று எடுத்துக்கொள்கிறார்கள்.

குளிர்ந்த கையில் நரம்பின் வேகம் இயல்பாகவே குறையும். ஒவ்வொரு டிகிரி செல்சியஸ் குறைவுக்கும் வினாடிக்கு சுமார் 2 மீட்டர். பனியில் நனைந்து வந்தவரையோ, ஏசி அறையில் ஒரு மணி நேரம் காத்திருந்தவரையோ அப்படியே படுக்கவைத்து அளந்தால் கணக்குத் தப்பும். கையை வெதுவெதுப்பாக்கிவிட்டு அளக்கச் சொல்லிக் கேட்பதில் தவறில்லை.

ஆரம்ப நிலையில் டெஸ்ட் நார்மல் என்றே வரலாம். இன்னொன்று, அல்ட்ராசவுண்டில் நரம்பு எந்த இடத்தில் வீங்கியிருக்கிறது, கட்டி ஏதும் அழுத்துகிறதா என்பதைப் பார்க்க முடியும்.

## கத்திக்கு முன்னால்

விட்டுவிட்டு மரப்பது மட்டும் இருந்து, தசை வற்றவில்லை என்றால் முதலில் ஆபரேஷன் பேச்சே எடுக்க வேண்டியதில்லை. இரவில் கை முழுசாக மடங்காமல் பார்த்துக்கொள்வதுதான் மருந்து. ஒரு துண்டை முழங்கையைச் சுற்றித் தளர்வாகக் கட்டிக்கொண்டு படுத்தாலே போதும். ஸ்பிளிண்ட் (கை மடங்காமல் தாங்கும் பட்டை) வாங்க வேண்டும் என்று கட்டாயம் இல்லை. பகலில் முழங்கையை ஊன்றக் கூடாது. இரண்டு மூன்று மாதம் ஒழுங்காகச் செய்தால் லேசான நிலையில் உள்ள பலருக்குக் குறைந்துவிடுகிறது.

'சத்து ஊசி' என்று போடப்படும் வைட்டமின் ஊசி, உடம்பில் அந்த வைட்டமின் குறைவாக இருந்தால்தான் பயன்படும். நெரிபட்ட இடத்தில் அது எதையும் தளர்த்தாது. எண்ணெய் போட்டு அந்தப் பள்ளத்தில் அழுத்தித் தேய்ப்பது இருப்பதையும் கெடுக்கும்.

இரவுக் கட்டுக்கும் அடங்காமல் நாள் முழுக்க மரத்திருப்பது, பிடி தளர்வது, சதை வற்றத் தொடங்குவது ஆகியவை காத்திருக்கும் கட்டம் முடிந்துவிட்டது என்பதன் அடையாளங்கள்.

## ஆபரேஷனில் என்ன செய்கிறார்கள்?

நரம்பை யாரும் வெட்டுவதில்லை. நரம்புக்கு மேலே இருப்பதைத்தான் வெட்டுகிறார்கள். கையை மட்டும் மரக்கவைத்தோ முழு மயக்கம் கொடுத்தோ செய்யலாம். எளிய முறைக்கு அரை மணி முதல் ஒரு மணி நேரம். முறைகள் மூன்று வகை:

1. இருந்த இடத்திலேயே விடுவிப்பது. குமிழ் எலும்புக்குப் பின்னால் சில சென்டிமீட்டர் கீறி, ஆஸ்போர்ன் பட்டையையும் மேலும் கீழும் நெரிக்கும் மற்ற நார்களையும் பிரித்துவிடுவது. நரம்பு அதன் படுக்கையிலேயே இருக்கும். கேமரா வழியாகச் சின்னக் கீறலில் செய்பவர்களும் உண்டு.

2. இடம் மாற்றுவது. நரம்பைப் பள்ளத்திலிருந்து எடுத்துக் குமிழுக்கு முன்பக்கம் தோலுக்கு அடியிலோ தசைக்கு அடியிலோ வைப்பது. அப்புறம் கையை மடக்கினால் நரம்பு இழுபடாது.

3. குமிழ் எலும்பின் ஒரு பகுதியைச் செதுக்குவது. அபூர்வமாகத்தான்.

எது சிறந்தது என்று பல வருடம் சண்டை நடந்தது. முதல் இரண்டையும் நேருக்கு நேர் ஒப்பிட்ட ஆய்வுகளில் பலனில் பெரிய வித்தியாசம் தெரியவில்லை. இடம் மாற்றியவர்களுக்குக் காயத் தொற்று கொஞ்சம் அதிகம். ஆகவே பழுதில்லாத முழங்கைக்கு எளிய முறையில் தொடங்குவதுதான் நியாயம். டேபிளிலேயே கையை மடக்கிப் பார்க்கும்போது நரம்பு குமிழைத் தாண்டிக் குதித்தாலோ, எலும்பு கோணியிருந்தாலோ, முன்பு செய்த ஆபரேஷன் பலிக்காமல் போயிருந்தாலோ இடம் மாற்றுவதற்குக் காரணம் இருக்கிறது. "எனக்கு ஏன் இந்த முறை?" என்று கேட்டால் இவற்றில் ஒன்றாவது பதிலாக வர வேண்டும்.

தழும்பைச் சுற்றியும் முன்கையின் உட்பக்கமும் புதிதாக மரப்பது பலர் எதிர்பார்க்காத விளைவு. கீறும் இடத்தைக் குறுக்கே கடக்கும் சின்னத் தோல் நரம்புக் கிளைகளால் வருவது அது.

## நாளுக்கு ஒரு மில்லிமீட்டர்

இப்போது அந்த மூன்றாம் நிலைக் கணக்கு. பட்டுப்போன நரம்பு இழை மறுபடி வளரும், ஆனால் நாளுக்கு ஏறக்குறைய ஒரு மில்லிமீட்டர்தான். முழங்கையிலிருந்து உள்ளங்கைச் சதைக்கு 25 முதல் 30 சென்டிமீட்டர். அதாவது 250 முதல் 300 நாள். உத்தரவு வராத தசையோ ஒன்றரை வருடத்துக்கு மேல் உயிரோடு காத்திருக்காது, வற்றிக் கொழுப்பாகவும் நாராகவும் மாறிவிடும். நரம்பு வந்து சேரும்போது வீடு இடிந்திருக்கும்.

ஆபரேஷன் முடிந்த அன்றே வலியும் சுரீர் என்ற அதிர்வும் குறையக்கூடும். மரமரப்பு மெதுவாக. பலம் அதைவிட மெதுவாக. குழி நிரம்புவது பலருக்கு நடப்பதே இல்லை. அவர்களுக்கு ஆபரேஷன், நோய் மேற்கொண்டு முற்றாமல் நிறுத்துவதற்குத்தான். இதை முன்கூட்டியே சொல்லாததால் "ஆபரேஷன் பண்ணியும் கை சரியாகலை" என்ற பேச்சு ஊரில் பரவி, அடுத்தவர் இன்னும் தாமதமாகப் போகிறார்.

எளிய முறை என்றால் சில நாளிலேயே லேசான வீட்டு வேலை செய்யலாம். கொழுந்துப் பை, கவாத்துக் கத்தி, கேரட் மூட்டை எல்லாம் ஒரு மாதம், ஒன்றரை மாதம் கழித்து. இடம் மாற்றியிருந்தால் அதைவிடக் கூட.

உணர்வு திரும்பும்வரை மலையில் ஒரு தனி எச்சரிக்கை தேவை: கணப்பு. மரத்த சுண்டுவிரல் சூட்டைச் சொல்லாது. கரி அடுப்பில் கை காட்டும்போதும் சுடுதண்ணீர்ப் பை வைக்கும்போதும் கொப்புளம் வந்த பிறகுதான் தெரியும். மற்றக் கையால் தொட்டுப் பார்த்த பிறகே காட்டுங்கள்.

## எங்கே, எதை எடுத்துக்கொண்டு போவது?

எஸ்டேட் ஆஸ்பத்திரியோ ஆரம்ப சுகாதார நிலையமோ முதல் படி. தொழுநோய், சர்க்கரை இரண்டையும் அங்கேயே சோதிக்கலாம். அதற்கு மேல் ஊட்டியில் 2025 ஏப்ரலில் திறந்த 700 படுக்கை அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை இருக்கிறது. கோவைக்கு இறங்குகிறவர்களும் உண்டு. ஆண்டு வருமானம் 1,20,000 ரூபாய்க்குள் இருந்தால் முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீட்டுத் திட்டத்தில் குடும்பத்துக்கு ஆண்டுக்கு 5 லட்சம் ரூபாய் வரை இடம் உண்டு. உங்களுக்கு எழுதியிருக்கும் முறை அதில் அடங்குமா என்பதை ஆஸ்பத்திரியின் காப்பீட்டு கவுன்டரில் தேதி குறிப்பதற்கு முன்பே கேட்டுக்கொள்ளுங்கள். அப்புறம் பிசியோதெரபிக்கு ஒவ்வொரு தடவையும் பஸ் ஏற முடியாதவர்கள், 2021-இல் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் வீட்டுக்கே வரக் கேட்கலாம்.

போகும்போது சர்க்கரை ரிப்போர்ட், சின்ன வயதில் கை ஒடிந்திருந்தால் அந்தப் பழைய எக்ஸ்ரே, சாப்பிடும் மாத்திரைகளின் அட்டை ஆகியவற்றை எடுத்துக்கொள்ளுங்கள். டாக்டர் முதலில் கேட்பது "எப்ப ஆரம்பிச்சது?" என்றுதான். "போன பனிக்கு" என்று சொல்வதா, "அதுக்கு முந்தின பனிக்கு" என்று சொல்வதா என்பதை வீட்டில் உட்கார்ந்து யோசித்து, மாதத்தோடு ஒரு தாளில் எழுதிக்கொண்டு பஸ் ஏறுங்கள்.